கினுவின் கிண்ணம்

மகள் வாசலைத் தாண்டியதும் அவள் அன்றாடம் சாப்பிட்ட சோற்றுக் கிண்ணத்தைக் கல்லில் போட்டு உடைக்க வேண்டும். கட்டிக்கொடுத்தவள் திரும்பி வரக்கூடாது என்பதற்காக ஜப்பானில் ஒரு பக்கத்தில் இப்படி வழக்கம். தோயோ ஓங்கிப் போட்டாள். மகளின் கிண்ணம் உருண்டுபோய்ச் செடியடியில் நின்றது. எடுத்து மறுபடி போட்டாள். ஒரு கீறல்கூட விழவில்லை.

"மாப்பிள்ளை வீட்டுல காத்துக்கிட்டிருக்காங்கம்மா," என்று கல்யாணத் தரகர் நச்சரித்தார்.

"ஒரு கிண்ணத்தை உடைக்க இத்தனை பாடா?" என்று கணவர் உள்ளேயிருந்து சத்தம் போட்டார். சத்தம் போடத்தான் ஆள். வந்து உடைக்க ஆளில்லை.

"நான் என்ன வேணும்னேவா செய்றேன்? பாழாப்போனது உடைஞ்சு தொலைய மாட்டேங்குது!"

தோயோவின் கிண்ணம் அவள் பிறந்த வீட்டில் ஒரே போடில் சுக்குநூறாகிவிட்டது. அன்றுமுதல் மாமியார் ஒதுக்கிப்போட்ட கிண்ணத்தில்தான் சாப்பிடுகிறாள்.

திரும்பிப் பார்க்கவே கூடாத கல்யாணப்பெண் கினு, வெள்ளை உடையை முழங்கால்வரை தூக்கிப் பிடித்துக்கொண்டு தெருவிலிருந்து விறுவிறுவென்று திரும்பி வந்தாள். கிண்ணத்தைப் பொறுக்கி, மண்ணைத் துடைத்து, அம்மாவிடம் நீட்டினாள்.

"காலைலேர்ந்து ஆளாளுக்குச் சிங்காரிச்சீங்க. சாப்பிட்டியான்னு ஒருத்தர் கேக்கலை. சோறு போடும்மா."

தரகர் தலையில் அடித்துக்கொண்டார்.

"பைத்தியமாடி உனக்கு?" என்று தோயோ கத்தினாள். கத்திக்கொண்டே கிண்ணத்தை வாங்கிக்கொண்டு போய்ச் சோற்றுப்பானையைத் திறந்தாள்.