உறிஞ்சும் நட்சத்திரம்

ஜாதகத்தை ஒழித்துவிட்டு, ஜோடிக்கு ஒரு நட்சத்திரம் ஒதுக்கிப் பொருத்தம் பார்க்கும் விஞ்ஞான யுகம். நிச்சயதார்த்த மேடையில் பொருத்த அதிகாரி திரையைத் தட்டினார்.

"கண்ணுக்கு மங்கலான ஒற்றைப் புள்ளி. உண்மையில் இரண்டு நட்சத்திரங்கள். சின்னது பெரியதை உறிஞ்சிக்கொண்டிருக்கிறது."

மாப்பிள்ளையின் அம்மா வேதவல்லி துள்ளி எழுந்தாள். "என் பிள்ளையை உறிஞ்ச வந்தவளா இவ? தட்டு மாத்த வேண்டாம், கிளம்புங்க!"

"அவசரப்படாதீங்கம்மா. விதிப்படி வயதில் மூத்தவர்தான் பெரிய நட்சத்திரம். பெண் இரண்டு மாதம் மூத்தவர். உறிஞ்சப்போவது உங்க பிள்ளை."

வேதவல்லி சட்டென்று உட்கார்ந்தாள். "அட, இதெல்லாம் சுத்தப் பித்தலாட்டம்! தட்டை மாத்துங்க."

மாப்பிள்ளை அம்மாவைப் பார்த்துத் தலையாட்டினான்.

மணப்பெண் தமயந்தி மாலையைக் கழற்றினாள்.

"மன்னிச்சுக்குங்க அத்தை, எனக்கு இப்பதான் இதுல நம்பிக்கையே வந்திருக்கு."