வெட்டி வைத்த முடிவு

உக்கடத்துக் கூடத்தில் முற்பகல் காட்சி ஓடுகிறது. பேசும்படம் பிறந்த காலத்து இருபது நிமிடத் துப்பறியும் படம். பூஞ்சை பிடித்த அந்தச் சுருளை மூன்று வருடம் துடைத்து ஒட்டியவள் இஸ்மத். மேடைப் பேனரில் 'மீட்டெடுத்தவர்' என்று சிரிப்பவர், படத்தை ஒருமுறைகூடப் பார்க்காத திரைப்படச் சங்கத் தலைவர் நாச்சிமுத்து. திரையில் துப்பறிபவர் விரலை நீட்டுகிறார். "கொலைகாரன்..." கரகரப்பு அடங்கி, திரை வெளுக்கிறது. வெட்டியெடுத்த துண்டு இஸ்மத்தின் கைப்பைக்குள் சுருண்டு கிடக்கிறது. தலைவர் எழுந்து திரும்ப, ப்ரொஜெக்டர் வெளிச்சம் அவர் முகத்தில் விழுகிறது. "ஏனம்மணி, என்னாச்சு?" ப்ரொஜெக்டரை ஓட்டிக்கொண்டிருந்த இஸ்மத் மைக்கைப் பிடித்து நிதானமாகச் சொல்கிறாள். "கடைசித் துண்டு அந்துபோச்சுங்க. கொலகாரன் யாருன்னு நீங்களே சொல்லிப்போடுங்க. மூணு வருசம் பாத்துப்பாத்து ஒட்டுனவரு நீங்கதானுங்களே." நூறு தலைகள் அவர் பக்கம் திரும்புகின்றன. தோளிலிருந்து பொன்னாடை நழுவுகிறது. இஸ்மத் வெளிச்சத்தை அணைக்கவில்லை.