கதவோர இருக்கை

நார்விச் ஊருக்கு வெளியே, புதுப் பயணிகள் விமானத்தை எடை போடுவது டோர்கஸின் வேலை. இரட்டை இறக்கை கொண்ட அந்த விமானத்தின் இரு சக்கரங்களின் கீழும் வாலின் கீழும் தராசு வைப்பாள். மூன்றையும் கூட்டினால் மொத்த எடை வரும். வால் தராசைப் பார்த்தால் பாரம் எங்கே இருக்கிறதென்று தெரியும்.

சோதனையின்போது இருக்கைகளில் ஆளுக்குப் பதில் மணல் மூட்டை கட்டுவார்கள். போன மாதம் மூட்டை ஒன்று குறைந்தபோது, ஹார்பாட்டில் என்ற முதலாளி, அவள் தம்பி ஆல்ஃபியைக் கதவோரம் உட்காரவைத்தார்.

"கதவுத் தாழ் ஆடுதுங்க சார்," என்றான் ஆல்ஃபி.

"மணல் மூட்டை எங்கயாவது வாய் பேசுமாடா?" என்று சிரித்தார்.

ஆயிரம் அடி உயரத்தில் கதவு திறந்துகொண்டது.

அன்றிலிருந்து வெறும் விமானம் நூற்றைம்பத்தெட்டு பவுண்டு கூடுதலாகக் காட்டுகிறது. அது ஆல்ஃபியின் எடை. டோர்கஸ் கணக்குப் போட்டாள். பாரம் கதவோர இருக்கையில் இருந்தது. அவள் யாரிடமும் சொல்லவில்லை.

இன்று பத்திரிகைக்காரர்கள் பார்க்க முதலாளியே பயணியாகப் பறக்கிறார்.

"எடைக்காரி, நான் எங்கம்மா உட்காரணும்?"

"கதவோரமா சார். அங்கதான் சமநிலை சரியா வரும்."

"உன் தம்பி இடமாச்சே."

"தாழைப் புதுசா மாத்தியாச்சு சார். பயந்தா வேற ஆளை அனுப்பலாம்."

"பயமா, எனக்கா?" என்று ஏறிக்கொண்டார்.

இருபது நிமிடத்தில் விமானி விமானத்தை இறக்கினார். கதவு உள்ளிருந்து தாழிட்டபடியே இருந்தது. ஜன்னல் வழியே பார்த்தால் பயணிகள் அறையில் யாரும் இல்லை.

எல்லோரும் வயல்களில் தேட ஓடினார்கள். டோர்கஸ் மூன்று தராசுகளையும் உருட்டி வந்தாள். ஒரு மாதத்துக்குப் பிறகு எடை சரியாக இருந்தது.