கேமராவைப் பார்க்காதே

"கட்! ஏம்மா, மறுபடியும் கேமராவையே பாக்குறீங்களே!" உதவி இயக்குநர் வூக் கத்தினான்.

செர்பியாவின் பெல்கிரேடு நகரச் சந்தையில் தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு. குடைமிளகாய் வாங்கும் கூட்டத்தில் ஒருத்தியாகக் குனிந்து நிற்பதுதான் தெசாங்காவின் வேலை. தபால் நிலையத்திலிருந்து ஓய்வு பெற்று, அறுபத்தேழு வயதில் துணை நடிகையானவள்.

"இனிமே பாக்க மாட்டேன் தம்பி."

"இதையேதான் போன வாரமும் சொன்னீங்க. இன்னொரு தடவை பாத்தா வேலை கிடையாது!"

அடுத்த டேக்கில் தெசாங்கா தலைக்குட்டையை விலக்கிவிட்டு, நிமிர்ந்து நேராகக் கேமராவைப் பார்த்தாள்.

"போதும், கிளம்புங்க. நாளையிலேருந்து வராதீங்க!"

அவள் பதறிப்போய் வூக்கின் கையைப் பிடித்துக்கொண்டாள். "வரல தம்பி. இப்ப எடுத்ததை மட்டும் வெட்டிடாதே!"

வூக் கையை உதறிவிட்டுப் போனான்.

உடன் நடிக்கும் ராத்மிலா சிரித்தாள். "இந்த வயசுல உனக்குக் கதாநாயகி ஆசையாக்கும்?"

"நடிக்க யாருக்கு ஆசை?" தெசாங்கா தலைக்குட்டையை மறுபடி கட்டிக்கொண்டாள். "'இனி உன் மூஞ்சியிலயே முழிக்க மாட்டேன்'னு சொல்லிட்டு ஊரை விட்டே போயிட்டான் என் மகன். எங்க இருக்கான்னே தெரியல. எங்க இருந்தாலும், டிவி பார்ப்பான் இல்ல?"