சாப்பாட்டறை மணி

பாதிரியார் ஆகப் படிக்கும் குருமடத்தில் எல்லோரும் பேசாமல் சாப்பிடுவார்கள். ஒருவர் மட்டும் நின்றுகொண்டு சத்தமாக வாசிப்பார். மணி அடித்ததும் எந்த இடமானாலும் நிறுத்திவிட வேண்டும். எல்லோரும் எழுந்த பிறகுதான் வாசித்தவருக்குச் சாப்பாடு.

நாற்பத்தோரு வருடங்களுக்கு முன் ஆதித் திருச்சபை ஞானி ஒருவரின் நூலை அப்படி வாசித்துக்கொண்டிருந்தார் சூசைமாணிக்கம். 'கடவுளைத் தேடி ஊர் ஊராக அலைந்தேன். கடைசியில் நான் அவரைக் கண்டது' என்ற இடத்தில் மணி அடித்தது. மறுநாள் அப்பா இறந்துபோனதாகத் தந்தி வந்தது. தங்கைகளுக்காக ஊரில் தங்கியவர் திரும்பவே இல்லை. பஸ்ஸில் டிக்கெட் கிழித்தபோதும், பிள்ளைகளைத் தூளியில் ஆட்டியபோதும், போன மாதம் மனைவியை அடக்கம் செய்துவிட்டு நின்றபோதும் அந்த வாக்கியம் பாதியிலேயே இருந்தது.

இன்று குருமட நூலகத்தில், அன்று உடன் படித்த பங்கிராஸ் சாமியார் அதே புத்தகத்தைத் தூசி தட்டிக் கொடுத்தார். பழைய தாளின் வாசனையோடு நீள மேசைகளும் தகரத் தட்டுகளின் ஓசையும் திரும்பி வந்தன.

"அன்னைக்கு மணியைக் கொஞ்சம் பொறுத்து அடிச்சிருக்கலாம் சாமி."

"அடிச்சது நான்தான்டா. உனக்குக் காய்ச்சல், நிக்க முடியாம ஜன்னல் கம்பியைப் பிடிச்சுக்கிட்டு இருந்த. உன் கஞ்சி வேற ஆறிக்கிட்டு இருந்துச்சு. பத்து நிமிஷம் முன்னாடியே அடிச்சிட்டேன். அதிபர் ஒரு வாரம் முட்டி போட வச்சார்."

சூசைமாணிக்கம் அதற்குள் அந்தப் பக்கத்தைக் கண்டுபிடித்திருந்தார். இனி வாசிக்கத் தேவையில்லை என்பதுபோல் அடுத்த வரியைக் கையால் மறைத்துக்கொண்டார்.

"கஞ்சி சூடாத்தான் இருந்துச்சு," என்றார்.