மேல்தாழ்ப்பாள்

என் கணவர் எழுதிய உளவு நாவலில் வரும் மந்தாகினி நிஜத்தில் யாரென்று எனக்குத் தெரியும். அதனால்தான் கடைசி அத்தியாயத்தில் அவளைக் கொன்றுவிடச் சொன்னேன். மறுபேச்சில்லாமல் கொன்றார். ஆனால் நாவல் சினிமாவானபோது அவள் குண்டடிபட்டும் பிழைத்துக்கொண்டாள். மறுபடி எடுத்த படத்தில் கள்ளத்தோணி ஏறித் தப்பித்தாள். "என்னைக் கேட்டா எப்படி? டைரக்டரைப் போய்க் கேளு" என்றார்.

இப்போது வெப் சீரிஸ். நரைத்த தலையோடு ஊர் திரும்பிய மந்தாகினி, கதாநாயகனான உளவாளியின் வீட்டு அழைப்புமணியை அழுத்தினாள். சோபாவில் இருந்த இவர் எழுந்துபோய்க் கண்ணாடி முன் நின்று தலை வாரினார்.

"மணி டிவியில அடிக்குதுங்க. உக்காருங்க" என்றேன்.

"தெரியும்" என்றார், சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே.

நான் போய் வாசற்கதவின் மேல்தாழ்ப்பாளையும் போட்டுவிட்டு வந்தேன்.