பதினைந்தாவது அடி

சேக்காட்டு மாடிவீட்டில் உட்கார்ந்தபடி வீடியோ கேம்களுக்கு ஒலி சேர்ப்பதுதான் பூபாலனுக்குப் பிழைப்பு. இப்போது கையிலிருந்த விளையாட்டில் குள்ளன் ஒருவன் பாறைக்குப் பாறை தாவுவான். தாவலுக்குக் குக்கர் கேஸ்கட்டை இழுத்து விட்டுப் பதிவு செய்தாகிவிட்டது. கடைசியில் குள்ளன் பதினாலு படி ஏறி, வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்த வேண்டும். அதற்கு, ரயிலிறங்கி வரும் மனைவி கஸ்தூரியின் செருப்புச் சத்தத்தையே மாடிப்படியில் மைக் வைத்துப் பிடித்தான். அவர்கள் மாடிக்கும் படி பதினாலுதான்.

விளையாட்டை உருவாக்கும் உத்தமன் போன் செய்தான். "மாமே, கதவு சாத்தினப்புறம் உள்ள இன்னொரு அடி கேக்குது. இன்னா அது?"

பூபாலன் போட்டுக் கேட்டான். இருந்தது. அதை வெட்டி அனுப்பினான், மறுபடியும் கேட்டது. மறுநாள் புதிதாகவே பதிவு செய்தான், அதிலும் கேட்டது. வெறுத்துப்போய்க் காலடிச் சத்தத்தையே மொத்தமாக எடுத்துவிட்டான்.

"இப்போ அது ஒண்ணுதான் கேக்குது மாமே," என்றான் உத்தமன். குரலில் கிண்டல் இல்லை.

அன்று சாயங்காலம் கஸ்தூரி படியேறி வந்தாள். வேண்டாம் வேண்டாமென்றாலும் பூபாலனின் மனம் எண்ணியது. பதினாலு. கதவைச் சாத்தாதே என்று அவன் சொல்ல வாயெடுப்பதற்குள், "கொசு வந்துரும்ங்க," என்று சாத்திவிட்டாள்.

இரண்டு செருப்பையும் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டாள்.

அப்போதுதான், அவர்கள் இருவருக்கும் நடுவே, தரையில் ஒரு செருப்புச் சத்தம் கேட்டது.